எக்கோவை எங்கிருந்து தொடங்குவது? நாவல் என்னைத் தோற்கடித்துவிட்டது

மண்குதிரை (ஞாயிறு, காலை 10.12)

வணக்கம். இத்தாலிய எழுத்தாளர் உம்பர்த்தோ எக்கோவின் 'ரோஜாவின் பெயர்' நாவலை இரண்டு தடவை எடுத்துவிட்டேன். முதல் தடவை 60 பக்கம், இரண்டாவது தடவை 80. இரண்டு தடவையும் அதே மலை, அதே மடாலயம். போப்பாண்டவருக்கும் பேரரசருக்கும் என்ன தகராறு என்று விளங்குவதற்குள் தூக்கம் வந்துவிடுகிறது. ஷான் கானரி நடித்த படத்தைப் பார்த்திருக்கிறேன். அதில் இவ்வளவு இறையியல் இல்லை.

நண்பர் ஒருவர், "நாவலை விடு, எக்கோ அடிப்படையில் கட்டுரைக்காரர், அந்த வழியாக வா" என்கிறார். கட்டுரை என்று தேடினால் எனக்குக் கிடைப்பது மூன்றே மூன்று வாசகங்கள். சமூக ஊடகம் முட்டாள்களுக்குப் பேச்சுரிமை கொடுத்துவிட்டது என்று ஒன்று, பாசிசத்தின் 14 அடையாளங்கள் என்று ஒன்று, படிக்காத புத்தகங்கள்தான் முக்கியம் என்று ஒன்று. மூன்றும் தாடி, தொப்பி, புகைப்படத்தோடு சுற்றுகின்றன. மனிதர் இவ்வளவுதானா? எதில் தொடங்கலாம்? ஆங்கிலத்தில்தான் படிக்க முடியும், இத்தாலிய மொழி தெரியாது.

பழையபேப்பர் (ஞாயிறு, காலை 11.30)

தம்பி, நீங்கள் தோற்கவில்லை. அது அவர் வேண்டுமென்றே வைத்த மேடு. நாவல் வந்தது 1980இல். 1983இல் அதற்கு ஒரு பின்னுரை எழுதினார். கைப்பிரதியைப் படித்த நண்பர்களும் பதிப்பகத்தாரும் முதல் நூறு பக்கத்தைக் குறைக்கச் சொன்னார்களாம். மாட்டேன் என்றிருக்கிறார். மடத்தில் ஏழு நாள் தங்க வருகிறவன் அந்த மடத்தின் நடைக்குத் தன் மூச்சைப் பழக்கிக்கொள்ள வேண்டும், முடியாதவன் அடிவாரத்திலேயே இருந்துகொள்ளட்டும் என்பது அவர் கட்சி. அதே பின்னுரையில்தான், ஒரு துறவிக்கு விஷம் வைக்க வேண்டும் போலிருந்தது, அதனால் எழுதினேன் என்கிறார். 48 வயதில் முதல் நாவலோடு வரும் குறியியல் (குறிகள் எப்படிப் பொருள் தருகின்றன என்று ஆராயும் துறை) பேராசிரியர் சொல்கிற காரணத்தைப் பாருங்கள்.

கட்டுரை என்றால் என் யோசனை, சின்னதில் தொடங்குங்கள். 'லெஸ்ப்ரெஸ்ஸோ' வார இதழின் கடைசிப் பக்கத்தில் 1985 முதல் சாகும் காலம் வரை ஒரு பத்தி எழுதிவந்தார். பெயர் 'மினெர்வாவின் உறை'. மினெர்வா என்றால் தேவதை என்று நினைத்துவிடாதீர்கள், அட்டைத் தீப்பெட்டி. அதன் மூடியின் உட்புறத்தில் கிறுக்கி வைக்கும் அளவுக்கான யோசனைகள் என்று அர்த்தம்.

'சால்மன் மீனோடு பயணம் செய்வது எப்படி' என்ற தொகுப்பைத் தேடிப் பிடியுங்கள். ஸ்டாக்ஹோமில் புகையிட்ட சால்மன் ஒன்றை வாங்கிவிடுகிறார். அடுத்து லண்டனில் மூன்று நாள். ஓட்டல் அறையின் குட்டிக் குளிர்பெட்டி முழுக்க மது பாட்டில். அதையெல்லாம் எடுத்துவிட்டு மீனை வைக்கிறார். வெளியே போய்வந்தால் மீன் மேசைமேல், பாட்டில் மறுபடி உள்ளே. கணினி பழுதானதால் வரவேற்பறையில் சொல்லவும் முடியவில்லை. கடைசியில் அவர் குடிக்காத மதுவுக்கெல்லாம் பில் வருகிறது. இதில் என்ன தத்துவம் என்று கேட்காதீர்கள். முதலில் சிரியுங்கள்.

1994இல் வந்த இன்னொரு பத்தி: மாக் கணினி கத்தோலிக்கம், கட்டளைகளைத் தட்டச்சு செய்து இயக்கும் பழைய டாஸ் கணினி புராட்டஸ்டன்ட். மாக் பக்தனைக் கையைப் பிடித்துப் படிப்படியாகக் கூட்டிப்போகும், எல்லோருக்கும் மோட்சம் உண்டு. டாஸில் வேதத்துக்கு நீயே பொருள் சொல்லிக்கொள்ள வேண்டும், எல்லோரும் கரையேற மாட்டார்கள். இடைக்கால இறையியலாளர் அக்வினாஸின் அழகியலில் ஆய்வேடு எழுதிய மனிதர் எழுதியது என்பதை நினைவில் வைத்துப் படித்தால் ருசி கூடும்.

அப்புறம், 'ஈகோ' என்று யாரும் எழுதாதீர்கள். அது வேறு வியாதி.

கோடுபோட்டநோட்டு (ஞாயிறு, பகல் 1.05)

பழையபேப்பர் ஐயா சொன்னதில் பாதிக்குத்தான் சம்மதம். சால்மனோடு தொடங்கினால் அவரை நகைச்சுவைக்காரர் என்று நினைத்து நின்றுவிடுவார்கள். என் மாணவர்களில் பாதிப்பேர் அப்படித்தான் நின்றார்கள்.

நான் தரும் முதல் கட்டுரை எப்போதும் 1961இல் எழுதிய 'மைக் போன்ஜோர்னோவின் நிகழ்வியல்'. போன்ஜோர்னோ 1950களில் இத்தாலியத் தொலைக்காட்சியின் வினாடி வினா நாயகர். 'விடு அல்லது இரட்டிப்பாக்கு' என்ற அவருடைய நிகழ்ச்சி 1955இல் தொடங்கியது. எக்கோ அப்போது அதே அரசுத் தொலைக்காட்சியில் வேலை பார்த்தார், உள்ளிருந்து பார்த்தவர்.

கட்டுரையின் கேள்வி எளிமையானது. அழகோ அறிவோ நகைச்சுவையோ அப்படியொன்றும் இல்லாத ஒருவரை ஒரு நாடே ஏன் கொண்டாடுகிறது? சினிமா உன்னைவிட மேலான ஒருவனைக் காட்டி ஏங்க வைக்கிறது. தொலைக்காட்சி உன்னைப் போலவே சராசரியான, முடிந்தால் உன்னைவிட ஒரு படி குறைந்த ஒருவரைக் காட்டுகிறது. பார்ப்பவருக்குத் தாழ்வு மனப்பான்மை வரவே வராது, நீ இருக்கிறபடியே இரு என்று ஆசீர்வாதமும் கிடைக்கிறது. போன்ஜோர்னோ தன் அறியாமைக்கு வெட்கப்படுவதில்லை. படித்தவர்களை வியக்கிறார், ஆனால் படிப்பு என்றால் அவருக்கு நிறையத் தகவலை மனப்பாடமாக வைத்திருப்பதுதான். உருவகம் என்றால் பயம். யாரையும் குத்தும் நோக்கமே கிடையாது.

எழுதி 60 வருடம் தாண்டிவிட்டது. நம் தொலைக்காட்சியில் இதற்கு யார் பொருந்துவார் என்று நான் சொல்லப்போவதில்லை. நீங்களே மனதுக்குள் ஒரு முகத்தைப் போட்டுப் பாருங்கள்.

ஒன்றை மட்டும் சேர்க்கிறேன். நிஜ போன்ஜோர்னோ முட்டாள் அல்ல. போர்க்காலத்தில் எதிர்ப்பியக்கத்தோடு இருந்து மிலான் சிறையில் கிடந்தவர். எக்கோ எழுதியது திரையில் தெரிந்த உருவத்தைப் பற்றி. அந்த வித்தியாசத்தைப் பிடித்தாலே குறியியலில் முதல் பாடம் முடிந்தது.

சும்மாவந்தேன் (ஞாயிறு, மாலை 4.48)

இவ்வளவு பெரிய மனிதர்தான் நம்மையெல்லாம் முட்டாள் படை என்று திட்டியவர். அவரைப் பற்றி நாம் இணையத்தில் உட்கார்ந்து பேசிக்கொண்டிருக்கிறோம். நாவலில் கொலை செய்தது யார் தெரியுமா? *[இந்த வரி நீக்கப்பட்டது. முடிவைச் சொல்லாதீர்கள், தொடங்கியவர் இன்னும் படித்து முடிக்கவில்லை. – மட்டுறுத்துநர்]*

தாழ்வாரம் (ஞாயிறு, இரவு 8.20)

அந்த வாசகத்தின் கதையைச் சொல்லிவிடுகிறேன். 2015 ஜூன் 10. இத்தாலியின் தூரின் பல்கலைக்கழகம் அவருக்குக் கௌரவப் பட்டம் கொடுத்த நாள். 1954இல் அவர் படித்து வெளியே வந்த அதே பல்கலைக்கழகம். சொன்னதன் சாரம் இது: முன்பு மதுக்கடையில் ஒரு கோப்பை ஒயினுக்குப் பிறகு உளறிவிட்டுப் போனவர்களால் ஊருக்குக் கெடுதல் இல்லை, பக்கத்தில் இருப்பவரே வாயை அடைத்துவிடுவார்; இன்று அந்தக் கூட்டத்துக்கு நோபல் பரிசு வாங்கியவருக்கு இருக்கும் அதே பேச்சுரிமை கிடைத்துவிட்டது. பரவும் படத்தில் இதுவரைதான் இருக்கும்.

அதே பேச்சில் அவர் தீர்வாகச் சொன்னதை யாரும் பகிர்வதில்லை. எந்த இணையதளம் நம்பத் தகுந்தது, எது புளுகு என்று அலசச் செய்தித்தாள்கள் தினமும் இரண்டு பக்கமாவது ஒதுக்க வேண்டும் என்றார். இணையத்தைப் பயன்படுத்தத் தெரிந்த பிள்ளைகளுக்கு அதை வடிகட்டத் தெரியவில்லை, பள்ளி அதைச் சொல்லித்தர வேண்டும் என்றார். வேலைத்திட்டத்தை விட்டுவிட்டு வசவை மட்டும் எடுத்துக்கொண்டார்கள்.

இன்னொன்று. வெகுமக்கள் ரசனையை இகழ்கிற அறிவாளி என்ற பட்டம் அவருக்குப் பொருந்தவே பொருந்தாது. 1964இல் அவர் எழுதிய புத்தகத்துக்கு 'பேரழிவுக்காரர்களும் ஒத்துப்போனவர்களும்' என்று பெயர் வைத்துக்கொள்ளலாம். வெகுமக்கள் பண்பாடு வந்ததும் உலகம் அழிந்தது என்று மாரடிக்கிறவர்கள் ஒரு பக்கம், எல்லாமே ஆனந்தம் என்கிறவர்கள் மறு பக்கம். இரண்டு பேரையும் விட்டுவிட்டு அவர் என்ன செய்தார்? சூப்பர்மேன் காமிக்ஸை எடுத்து வைத்துக்கொண்டு, இந்தக் கதையில் ஏன் காலம் நகர்வதே இல்லை என்று விரிவாக ஆராய்ந்தார். சார்லி பிரவுன் இத்தாலிய மொழியில் முதன்முதலில் புத்தகமாக வந்தபோது முன்னுரை எழுதியதும் அவர்தான், 1963இல். கல்லூரிப் பேராசிரியர் காமிக்ஸைப் பற்றி எழுதுவது அந்தக் காலத்தில் மானப் பிரச்சினை.

சும்மாவந்தேன் (ஞாயிறு, இரவு 9.02)

சரி, நீக்கியதற்குக் கோபம் இல்லை. ஆனால் 'வடிகட்டி' என்ற சொல்தான் எனக்கு நெருடுகிறது. வடிகட்டி யார் கையில்? செய்தித்தாள் இரண்டு பக்கம் ஒதுக்கட்டும் என்கிறார். அந்தச் செய்தித்தாளின் முதலாளி யார்? இத்தாலியில் இருந்துகொண்டு இந்தக் கேள்வியைக் கேட்காமல் விட முடியுமா? மதுக்கடையில் பக்கத்தில் இருப்பவர் வாயை அடைத்துவிடுவார் என்கிறாரே, நம் டீக்கடையில் யாருடைய வாயை யார் அடைத்தார்கள் என்று எனக்குத் தெரியும். அடைக்கப்பட்டவர்கள் எல்லோரும் முட்டாள்கள் இல்லை.

தாழ்வாரம் (ஞாயிறு, இரவு 9.40)

டீக்கடை விஷயத்தில் என்னிடம் பதில் இல்லை. முதலாளி விஷயத்தில் அவர் மௌனமாக இருக்கவில்லை. 2015இல் முன்னாள் பிரதமரும் ஊடக முதலாளியுமான பெர்லுஸ்கோனியின் குடும்பத்துக்குச் சொந்தமான மொந்ததோரி பதிப்பகம், எக்கோவின் நூல்களை வெளியிட்ட பொம்ப்பியானி அடங்கிய ஆர்சிஎஸ் குழுமத்தின் நூல் பிரிவை வாங்கியது. 83 வயதில் அங்கிருந்து கிளம்பி, நண்பர்களோடு சேர்ந்து 'தீசியஸின் கப்பல்' என்று புதுப் பதிப்பகம் தொடங்கினார், சொந்தப் பணத்தையும் போட்டு. 2016 பிப்ரவரி 19 அன்று இறந்தார். அவருடைய கடைசிப் பத்தித் தொகுப்பு ஒரு வாரத்தில் அங்கிருந்து வந்தது.

நிழற்குடை (திங்கள், காலை 7.15)

பாசிசம் பற்றிய 14 அம்சங்களைத் தமிழில் போட்டு வைத்திருக்கிறேன், வேண்டுமானால் ஒட்டுகிறேன். நான் ஒரு அமைப்பை வைத்து டிக் போட்டுப் பார்த்தேன், 14க்கு 11. வீட்டில் என் மைத்துனர் எங்கள் பக்கத்தை வைத்துப் போட்டுப் பார்த்து 9 என்கிறார். அன்றிலிருந்து பேச்சுவார்த்தை இல்லை.

கோடுபோட்டநோட்டு (திங்கள், இரவு 7.50)

ஒட்ட வேண்டாம் நிழற்குடை. அந்தக் கட்டுரைக்கு நேர்ந்த விபத்தே அதுதான்.

முதலில் தலைப்பு. 'ஊர்-பாசிசம்' என்பதில் உள்ள ஊர் நம்ம ஊர் இல்லை. ஜெர்மானிய முன்னொட்டு, ஆதி என்று பொருள். 1995 ஏப்ரல் 25 அன்று நியூயார்க்கில் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் பேசியது. இத்தாலியின் விடுதலை நாள் அது, ஐம்பதாவது ஆண்டு. அதற்கு ஆறு நாள் முன்புதான் அமெரிக்காவின் ஓக்லஹோமா நகரில் உள்நாட்டுத் தீவிரவாதி வைத்த குண்டு வெடித்திருந்தது. அமெரிக்க மாணவர்களுக்கு முன்னால் பேசுகிறார்.

பட்டியல் வருவது கட்டுரையின் பின்பாதியில். தொடக்கம் முழுக்க ஒரு சிறுவன். 1942, பத்து வயது. பாசிசச் சிறுவர்களுக்கான கட்டுரைப் போட்டி. முசோலினியின் புகழுக்காக நாம் சாக வேண்டுமா என்பது தலைப்பு. ஆம் என்று எழுதி முதல் பரிசு வாங்குகிறான். கெட்டிக்காரப் பையன் என்று தன்னைப் பற்றியே எழுதுகிறார். அடுத்த வருடம் ஜூலை 27 காலை. முசோலினி கைதானதாக வானொலியில் செய்தி. அம்மா செய்தித்தாள் வாங்கிவரச் சொல்கிறாள். கடையில் பல தாள்கள், ஒவ்வொன்றிலும் வேறு வேறு சேதி. ஒன்றை வாங்குகிறான், முதல் பக்கத்தில் ஐந்தாறு கட்சிகள் கையெழுத்திட்ட அறிக்கை. ஒரு நாட்டில் ஒன்றுக்கு மேற்பட்ட கட்சி இருக்க முடியும் என்பதே அவனுக்கு அன்றைக்குத்தான் தெரிகிறது. விடுதலை, சர்வாதிகாரம் என்ற சொற்களை வாழ்க்கையில் முதல் தடவையாகப் படிக்கிறான். இதை விட்டுவிட்டு 14 புள்ளியை மட்டும் பகிர்வதை என்னால் மன்னிக்க முடியவில்லை.

பட்டியலுக்கு வருகிறேன். தத்துவவாதி விட்கென்ஸ்டைனின் 'குடும்பச் சாயல்' என்ற கருத்தை எடுத்துக்கொள்கிறார். முதலாமவனிடம் அ ஆ இ, இரண்டாமவனிடம் ஆ இ ஈ, மூன்றாமவனிடம் இ ஈ உ, நான்காமவனிடம் ஈ உ ஊ. முதலாமவனுக்கும் நான்காமவனுக்கும் பொதுவாக ஒன்றுமே இல்லை, ஆனாலும் ஒரே குடும்பம். பேரரசு ஆசையைக் கழித்துவிட்டாலும் ஸ்பெயின் சர்வாதிகாரி பிராங்கோவும் போர்ச்சுகல் சர்வாதிகாரி சாலசாரும் மிஞ்சுவார்கள் என்கிறார். அம்சங்கள் ஒன்றுக்கொன்று முரண்படும் என்பதையும் அவரே சொல்லிவிடுகிறார். அப்படியிருக்க, கூட்டிப் பார்த்து 11 என்று மதிப்பெண் போடுவதில் என்ன அர்த்தம்?

அதே சமயம், ஒரே ஒரு அம்சம் இருந்தாலும் போதும், அதைச் சுற்றிப் பாசிசம் உறைந்துவிடும் என்றும் எழுதிவிட்டார். இதுதான் எனக்கு இடறுகிற இடம். பழமை வழிபாடு ஒரு அம்சம் என்றால் என் பாட்டியும் மாட்டுவார். ஒன்றே போதும் என்ற வரியை அவர் எழுதாமல் இருந்திருந்தால் உங்கள் மைத்துனர் இன்று உங்களோடு பேசிக்கொண்டிருப்பார்.

எட்டாவது அம்சத்தை மட்டும் நான் விடமாட்டேன். எதிரி ஒரே சமயத்தில் அளவுக்கு மீறிய பலசாலி, அளவுக்கு மீறிய பலவீனன். பலசாலி என்றால்தான் பயம் காட்ட முடியும், பலவீனன் என்றால்தான் ஜெயிக்கலாம் என்று நம்பவைக்க முடியும். அப்படி எதிரியைச் சரியாக எடைபோடத் தெரியாததாலேயே அவர்கள் போரில் தோற்கிறார்கள் என்று முடிக்கிறார்.

சும்மாவந்தேன் (திங்கள், இரவு 8.31)

பத்து வயதுப் பையனுக்குப் பரிசு கொடுத்தவர்கள் கையிலும் அன்றைக்கு ஒரு வடிகட்டி இருந்தது. என் நேற்றைய கேள்வி அப்படியே இருக்கிறது.

மண்குதிரை (திங்கள், இரவு 10.15)

நான் சின்னதாக ஒரு கேள்வி கேட்டேன், இழை எங்கேயோ போய்விட்டது. நன்றி எல்லோருக்கும். சால்மன் கட்டுரை கிடைத்தது, நாளை பேருந்தில் படிப்பேன்.

ஒரு சந்தேகம். எக்கோதான் 'திறந்த படைப்பு' என்று எழுதியவர், வாசகன் தன் இஷ்டத்துக்குப் பொருள் கொள்ளலாம் என்றவர் என்று படித்திருக்கிறேன். அப்படியென்றால் நிழற்குடை 11 போட்டதும் மைத்துனர் 9 போட்டதும் சரிதானே?

தாழ்வாரம் (திங்கள், இரவு 11.48)

நல்ல கேள்வி, தூக்கத்தைக் கெடுத்துவிட்டீர்கள்.

'திறந்த படைப்பு' 1962. அதன் முதல் உதாரணங்களே இலக்கியம் இல்லை, இசை. ஜெர்மானிய இசையமைப்பாளர் ஸ்டாக்ஹௌசனின் பியானோப் படைப்பு ஒன்றில் ஒரு பெரிய தாளில் இசைத்துணுக்குகள் சிதறிக் கிடக்கும். எதிலிருந்து எதற்குப் போவது என்று வாசிப்பவர் அந்த நேரத்தில் முடிவு செய்துகொள்ளலாம். எந்த இரண்டு கச்சேரியும் ஒன்றாக இருக்காது. திறந்தது என்றால் இதுதான். ஆனால் நடுவில் ஒரு சினிமாப் பாட்டை நுழைக்க அனுமதி இல்லை. துணுக்குகள் ஸ்டாக்ஹௌசன் கொடுத்தவைதான்.

இந்த இரண்டாம் பாதியை எல்லோரும் மறந்தார்கள். அதனால் 1990இல் கேம்பிரிட்ஜில் மூன்று சொற்பொழிவு ஆற்றி, பிரதியில் இல்லாததை ஏற்றிப் படிக்கும் மிகைவாசிப்பு என்று ஒன்று உண்டு என்று வாதாட வேண்டிவந்தது. ஆசிரியர் என்ன நினைத்தார் என்பது ஒன்று, வாசகர் எதைக் கொண்டுவருகிறார் என்பது இன்னொன்று. இரண்டுக்கும் நடுவில் பிரதிக்கென்று ஒரு நோக்கம் இருக்கிறது, சந்தேகம் வந்தால் பிரதியையே முழுதாகத் திரும்பப் படி என்பது அவர் நிலை. லூக்காவின் நற்செய்தியைப் படித்துத்தான் கொலை செய்தேன் என்று லண்டன் தொடர்கொலைகாரன் ஜாக் தி ரிப்பர் சொன்னால், அதுவும் ஒரு வாசிப்பு என்று தலையாட்டுவோமா என்று கேட்டார்.

எதிரில் அமெரிக்கத் தத்துவவாதி ரிச்சர்ட் ரோர்ட்டி உட்கார்ந்திருந்தார். விளக்கம், பயன்பாடு என்று பிரிக்கவே முடியாது, எல்லாமே பயன்பாடுதான் என்பது அவர் வாதம். ஸ்க்ரூடிரைவர் ஒன்று பேச்சில் வந்து மாட்டிக்கொண்டது. அதை வைத்துத் திருகாணியும் முடுக்கலாம், பார்சலும் பிரிக்கலாம், சரி, ஆனால் காதைக் குடைய வேண்டாம் என்றார் எக்கோ. ரோர்ட்டியை இது முழுசாகத் தோற்கடிக்கவில்லை என்பதுதான் என் கருத்து. ஆனால் காது என்னுடையது என்பதால் நான் எக்கோ பக்கம்.

அவருக்கே நடந்த வேடிக்கை ஒன்று, ஹார்வர்ட் சொற்பொழிவுகளில் சொல்கிறார். 'ஃபூக்கோவின் ஊசல்' நாவலில் கசோபோன் 1984 ஜூன் 23 நள்ளிரவில் பாரிஸ் தெருக்களில் நடந்து போகிறான். அந்த அத்தியாயத்துக்காக எக்கோ அதே பாதையில் பல இரவுகள் நடந்து பார்த்து ஒலிப்பதிவு செய்திருக்கிறார். நாவல் வந்தபிறகு ஒரு வாசகரிடமிருந்து கடிதம். அவர் நூலகத்துக்குப் போய் அந்தத் தேதியின் செய்தித்தாள்களை எல்லாம் புரட்டியிருக்கிறார். அந்த இரவில் அந்தப் பாதையின் ஒரு முனையில் பெரிய தீ விபத்து, கசோபோன் எப்படி அதைப் பார்க்காமல் போனான்? பார்த்திருப்பான், ஏதோ காரணத்துக்காகச் சொல்லவில்லை என்று பதில் போட்டு வைத்தாராம். தான் மனதில் வைத்திருந்த 'மாதிரி வாசகர்' இவர் இல்லை என்றாலும், இவரைத் திட்டவும் அவருக்கு மனம் வரவில்லை.

பழையபேப்பர் (செவ்வாய், காலை 6.40)

ஹார்வர்ட் சொற்பொழிவு என்று தாழ்வாரம் எடுத்ததால் சொல்கிறேன். 'புனைவுக் காடுகளில் ஆறு நடைகள்' என்று புத்தகமாக வந்தது, 1994. அதன் கடைசி நடைதான் எக்கோ எழுதியதிலேயே எனக்கு முக்கியமானது. மண்குதிரை, சால்மனுக்கு அப்புறம் நேராக அங்கே போங்கள்.

யூதர்கள் உலகத்தைக் கைப்பற்றச் சதி செய்கிறார்கள் என்ற 'சீயோன் மூப்பர்களின் நெறிமுறைகள்' என்ற போலி ஆவணம் எங்கிருந்து பிறந்தது என்று நூல் பிடித்துக்கொண்டு போகிறார். 1864இல் மொரீஸ் ஜோலி என்ற பிரெஞ்சுக்காரர் பேரரசர் மூன்றாம் நெப்போலியனைக் கிண்டல் செய்து, அரசியல் சிந்தனையாளர்கள் மாக்கியவெல்லியும் மொந்தெஸ்கியூவும் நரகத்தில் பேசிக்கொள்வதாக ஒரு நூல் எழுதுகிறார். அதில் யூதர் பேச்சே கிடையாது. அதில் சதி பேசப்படும் பாணிக்கு மூலம் பிரெஞ்சு எழுத்தாளர் யூஜின் சூவின் தொடர்கதைகள். அங்கே சதிகாரர்கள் ஜெசூயிட் பாதிரிகள். 1868இல் கோட்ஷே என்ற ஜெர்மானியர் மலிவு நாவல் ஒன்றில் பிராகா நகர யூதக் கல்லறையில் நள்ளிரவுக் கூட்டம் ஒன்றை வைக்கிறார். அது பிரெஞ்சு நாவலாசிரியர் தூமாவின் நாவல் காட்சி ஒன்றின் நகல். இந்த நாவல் காட்சி பிறகு நிஜ ஆவணம் என்று துண்டுப் பிரசுரமாகிறது. எல்லாவற்றையும் கலக்கி 1903இல் ரஷ்யாவில் 'நெறிமுறைகள்' அச்சாகிறது. 1921இல் லண்டன் 'டைம்ஸ்' இதழில் பிலிப் கிரேவ்ஸ், ஜோலியின் நூலையும் இதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துத் திருட்டை அம்பலப்படுத்துகிறார்.

அத்தோடு செத்திருக்க வேண்டும். சாகவில்லை. போலியாகவே இருக்கட்டும், ஆனால் அவர்கள் நினைப்பதைத்தானே சொல்கிறது, ஆகவே உண்மை என்று ஆரம்பித்தார்கள். எக்கோ பிற்பாடு பல இடங்களில் திரும்பிவருவது இந்தப் புள்ளிக்குத்தான். ஆவணத்தைப் படித்து யாரும் வெறுக்கத் தொடங்கவில்லை. முதலிலேயே வெறுப்பு இருந்தது, ஆவணம் அதற்குச் சௌகரியமாக அமைந்தது. 2010இல் இதையே 'பிராகா கல்லறை' என்று நாவலாகவும் எழுதினார். என்னைக் கேட்டால் அந்த 500 பக்கத்தைவிட ஹார்வர்டில் பேசிய இந்த ஒரு மணி நேரம் கனமானது.

எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் போலி என்று நான் நிரூபித்த ஒரு செய்திக்கு வந்த பதில்: "இது பொய்யா இருக்கலாம் சித்தப்பா, ஆனா நடக்காததா?" எக்கோ படித்திருந்தும் என்ன சொல்வது என்று தெரியாமல் குட் மார்னிங் படம் அனுப்பிவிட்டு வெளியே வந்துவிட்டேன்.

நிழற்குடை (செவ்வாய், காலை 9.05)

சித்தப்பா பதில் அபாரம். மைத்துனருக்கு அனுப்பிவிட்டேன்.

படிக்காத புத்தகங்கள் பற்றிய வாசகமும் போலியா?

பழையபேப்பர் (செவ்வாய், காலை 9.30)

போலி இல்லை, கைமாறியது. படிக்காத புத்தகங்களுக்கு 'எதிர்-நூலகம்' என்பது எழுத்தாளர் நசீம் தலேப் 2007இல் எக்கோவின் நூலகத்தை உதாரணம் காட்டி எழுதியபோது வைத்த பெயர். மிலான் வீட்டில் 30,000, மோந்தே செரிஞ்ஞோனே கிராமத்து வீட்டில் 20,000 என்று சொல்வார்கள். வீட்டுக்கு வருகிறவர்கள் "இதையெல்லாம் படித்துவிட்டீர்களா?" என்று கேட்டால் எக்கோவிடம் ஒரு தயார் பதில் உண்டு: "இல்லை, இவை இந்த மாதக் கடைசிக்குள் படிக்க வேண்டியவை, படித்ததெல்லாம் அலுவலகத்தில் இருக்கிறது." வந்தவர் சொல்லிக்கொள்ளாமல் கிளம்பிவிடுவாராம்.

அரிய நூல் சேகரிப்பில் அவருக்கு ஒரு விதி: பொய்யும் பிழையும் சொல்லும் நூல்கள்தான் வேண்டும். சூரியன் பூமியைச் சுற்றுகிறது என்ற தாலமி என்னிடம் உண்டு, கலிலியோ இல்லை, ஏனென்றால் கலிலியோ சொன்னது சரி என்பார். அந்த அரிய நூல்கள் இப்போது மிலானில் பிரைதென்சே நூலகத்தில் இருக்கின்றன.

கோடுபோட்டநோட்டு (செவ்வாய், மதியம் 2.10)

எக்கோவே மிகைவாசிப்பில் மாட்டிய கதையைச் சொல்லாமல் இந்த இழையை விடக்கூடாது. தாழ்வாரத்துக்கு இது பிடிக்கும்.

'ஆய்வேடு எழுதுவது எப்படி' என்று 1977இல் மாணவர்களுக்காக ஒரு கையேடு எழுதினார். நான் எம்ஃபில் செய்த காலத்தில் என் நெறியாளர் தலைப்பைக் கொடுத்துவிட்டு மாயமாகிவிட்டார், ஒன்றரை வருடம் இந்தப் புத்தகம்தான் எனக்கு நெறியாளர். அட்டைகளில் குறிப்பு எடுப்பது முதல், தலைப்பை எவ்வளவு சுருக்குவது என்பது வரை சமையல் குறிப்பு மாதிரி சொல்லித்தருவார். அதில் 'அறிவுப் பணிவு' என்று ஒரு பகுதி. யாரையும் சின்னவர் என்று தள்ளாதே என்பது பாடம். தன் ஆய்வேட்டில் ஒரு முடிச்சு அவிழாமல் திணறியபோது பாரிஸ் பழைய புத்தகக் கடையில் வல்லே என்ற 19ஆம் நூற்றாண்டுப் பாதிரியாரின் நூல் ஒன்று கிடைத்ததாம். யாரும் மதிக்காத நூல். சுவாரசியமே இல்லை. ஆனால் அதில் போகிறபோக்கில் சொன்ன ஒரு கருத்துதான் முடிச்சை அவிழ்த்தது. ஆனந்தத்தில் அந்த இடத்தில் பெரிய ஆச்சரியக்குறி வேறு போட்டு வைத்தாராம்.

பிறகு 'ரோஜாவின் பெயர்' வந்தது. அதன் முன்னுரையில் பழைய சுவடியைத் தந்தவராக வருவதும் ஒரு வல்லே பாதிரியார். உடனே ஒரு விமர்சகர், ஆய்வேட்டுக் கையேட்டில் வந்த வல்லேயும் கற்பனைதானே என்று எழுதினார். எக்கோ அவரைப் பார்த்தபோது, இல்லை, புத்தகம் என்னிடம் இருக்கிறது, காட்டுகிறேன் என்று பல வருடம் கழித்து அதைத் திறக்கிறார். ஆச்சரியக்குறி இருக்கிறது. பக்கத்தில் உள்ள பத்தியைப் படிக்கிறார். வல்லே அந்தக் கருத்தைச் சொல்லவே இல்லை. வேறு எதையோ சொல்கிறார். அதைப் படித்துக்கொண்டிருந்தபோது எக்கோவின் தலையில் தோன்றியதை எக்கோவே வல்லேயின் கணக்கில் எழுதிவிட்டார்.

இதையும் அவரே எழுதி வைத்தார், மறைக்கவில்லை.

தாழ்வாரம் (செவ்வாய், மதியம் 2.44)

பிடித்தது அக்கா. ரோர்ட்டிக்கு இது அன்றைக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

சும்மாவந்தேன் (செவ்வாய், மாலை 6.20)

நான் வல்லே பக்கம். பாவம், ஒன்றும் செய்யாமலே இரண்டு புத்தகத்தில் இடம் பிடித்துவிட்டார்.

மொழிபெயர்ப்பு பற்றி அவர் எழுதியதாகச் சொல்கிறார்களே, அதை யாரும் தொடவில்லையே?

பழையபேப்பர் (செவ்வாய், இரவு 7.15)

'கிட்டத்தட்ட அதையே சொல்வது', 2003. தலைப்பில் உள்ள 'கிட்டத்தட்ட' என்ற சொல்தான் மொத்தப் புத்தகமும். மொழிபெயர்ப்பு ஒரு பேரம்: எதை விடுவது, எதை விடாமல் பிடிப்பது என்று ஒவ்வொரு வரியிலும் பேசி முடிக்க வேண்டும். திரைச்சீலைக்குப் பின்னால் எலி என்று ஹாம்லெட் வாளைச் செருகுகிறானே, ஆங்கிலத்தில் பெரிய எலிக்கு ஒரு சொல், சின்ன எலிக்கு இன்னொரு சொல். இத்தாலியர் வழக்கமாக 'தோப்போ' என்ற ஒரே சொல்லில் இரண்டையும் அடக்கிவிடுவார்கள். ஹாம்லெட்டில் அதனால் நஷ்டமில்லை. பிளேக் நோயைப் பற்றிய நாவல் என்றால் எந்த எலி என்பது உயிர் போகிற கேள்வி. சுண்டெலி, வெள்ளெலி, பெருச்சாளி என்று வைத்திருக்கும் நமக்கு இந்தக் கவலை இல்லை.

மண்குதிரை (வியாழன், இரவு 10.50)

திரும்ப வந்துவிட்டேன். பேருந்தில் சால்மனைப் படித்துவிட்டு வாய்விட்டுச் சிரித்ததில் பக்கத்து இருக்கை அம்மா இடம் மாறி உட்கார்ந்துவிட்டார். பேரனுக்கு எழுதிய கடிதத்தையும் படித்தேன், 2014இல் எழுதியது. எல்லாவற்றையும் இணையத்தில் தேடாதே, தினமும் கொஞ்சம் கவிதை மனப்பாடம் செய் என்கிறார். என் தாத்தாவும் அதையேதான் சொன்னார், அவருக்கு ஏன் கூட்டம் வரவில்லை என்று தெரியவில்லை.

அந்தப் பலத்தில் நாவலை மூன்றாவது தடவை எடுத்தேன். பின்னுரை பற்றித் தெரிந்ததும் கோபம் போய்விட்டது, வேண்டுமென்றே படியேறச் சொல்கிறார் என்று தெரிந்தால் ஏறலாம். 80ஐத் தாண்டிவிட்டேன், இன்று பக்கம் 94. போப்பாண்டவர் தகராறு இன்னும் விளங்கவில்லை, ஆனால் கண்ணாடி போட்ட அந்தத் துறவியைப் பிடித்துவிட்டது.

ஒரே ஒரு கேள்வி. தேவாலய வாசலில் உள்ள சிற்பத்தைக் கதைசொல்லி அட்சோ வர்ணித்துக்கொண்டே போகிறானே, மிருகம், பேய், பாம்பு, பாவிகள் என்று. அதைத் தாண்டிப் போனால் பின்னால் கதை புரியாமல் போகுமா?

கோடுபோட்டநோட்டு (வியாழன், இரவு 11.02)

தாண்டாதீர்கள்.

பழையபேப்பர் (வியாழன், இரவு 11.04)

தாண்டுங்கள் தம்பி. நான் முதல் தடவை தாண்டினேன்.

சும்மாவந்தேன் (வியாழன், இரவு 11.05)

நான் புத்தகமே படிக்கவில்லை, படம்தான் பார்த்தேன். அதில் அந்த வாசல் ஒரு நிமிடம்கூட வராது.